ஏரிக்கரை கடந்த இரண்டாம் சரணம்

சத்தியவேட்டில் தோன்றியவளும், ஐந்தேகால் மணிக்கு அலறும் அலாரத்தின் தலையில் ஐந்து பதினாலுக்கே அடித்து அடக்கும் ஆற்றலினளும், நாளொன்றுக்கு எண்ணூறு ஒயர்முனைகளை முறுக்கித் தீர்க்கும் திண்விரற் செல்வியும், வேதாச்சலத்தின் மூத்த மகளுமாகிய தரணி என்னும் வீராங்கனை பொருத பெருஞ்செருவைப் பாடத் துணிந்தோம். நாமகளே, நாவில் வந்து அமர்க. இடமில்லையேல் கம்பியைப் பிடித்துக்கொண்டாவது நிற்க!

அவள் ஏறிய தேர் தொழிற்சாலையின் வெள்ளைப் பேருந்து. அதன் சாரதி கிருஷ்ணப்பா. பாட்டுக்காகத் தமிழ்ப்பக்கமும் தெலுங்குப்பக்கமும் பகைத்து, முன்னிருக்கைக்கும் பின்னிருக்கைக்கும் இடையே வசைக்கணைகள் பறந்து, ஒருநாள் ஒரு வாழைப்பழமும் பறந்த பின்னர், இனிப் போர் ஓய்க என்று அவர் வகுத்த சட்டம் ஒன்றுண்டு: ஏரிக்கரை வரை தமிழ்ப்பாட்டு, கரையேறியதும் தெலுங்குப்பாட்டு, ஆயினும் தொடங்கிய பாட்டை நடுவில் அறுத்தல் ஆகாது. பேருந்தின் ஒலிபெருக்கியோடு தன் கைப்பேசியைப் பிணைக்கும் உரிமை தமிழ்ப்பக்கத்தில் தரணிக்கு. தெலுங்குப்பக்கத்தில், கூப்பிட்டால் நாயுடுபேட்டையில் பஸ் நிற்கும் குரல்வளம் கொண்ட ஷோபாவுக்கு.

தரணியின் அம்பறாத்தூணியில் அன்று இருந்தது ஒரே அம்பு. அது ஒரு சினிமாக் காதற்பாட்டு. ஒரே படம், ஒரே மெட்டு, ஒரே வயலின் அழுகை. தமிழிலும் தெலுங்கிலும் இரட்டைப் பிள்ளையாய்ப் பிறந்து இருமொழி இளையோரின் உறக்கத்தையும் ஒருங்கே கெடுத்த பாட்டு. கரையைத் தாண்டிய முதல் நிறுத்தத்தில் ஏறுபவனும், பேக்கிங் பிரிவின் பேரழகனும், தெலுங்குப் பள்ளியில் பயின்றவனுமாகிய திலீப், கேண்டீன் வரிசையில் தட்டேந்தி நின்ற ஒரு பொன்னாளில், “அந்தப் பாட்டு தமிழ்ல இன்னும் பாகுந்து, நல்லாருக்குன்னு சொல்றாங்களே, நான் கேட்டதே இல்லப்பா” என்று திருவாய் மலர்ந்திருந்தான். அப்பாட்டின் இரண்டாம் சரணத்திலோ, ஒருத்தி ஓராண்டாய்ச் சொல்லாமல் விழுங்கியதையெல்லாம் நான்கே வரியில் சொல்லிவிடுகிறாள். தரணியும் விழுங்கியிருந்தாள், ஓராண்டும் இரண்டு மாதமும். அவன் படியில் கால்வைக்கும் கணத்தில் அச்சரணம் எழுமாயின், தன் வாய் திறவாமலே காரியம் ஆகும் என்று கருதி, சென்ற வாரம் முழுதும் வழியை நொடிகளால் அளந்தாள். கரை தொடங்கும் பனைமரத்தருகே பாட்டை ஏவினால், மூன்று நிமிடம் நாற்பது நொடியில் சரணமும் நிறுத்தமும் சேர்ந்து வரும். கோட்டை மதிலுக்குக் கணக்கிட்டுக் கல்லெறிந்த பண்டைப் பொறிவல்லாரும் இத்துணை நுட்பம் அறிந்திலர்.

பனைமரம் வந்தது. விரல் பாய்ந்தது. வயலின்கள் வெகுண்டெழுந்தன.

“ஏய் தரணி, சாலு சாலு, போதும்! கரை வந்துடுச்சி, எங்க பாட்டு!” என்று ஷோபா முழங்கினாள்.

“ஆரம்பிச்ச பாட்டு முடியட்டும்க்கா. அண்ணா போட்ட ரூலு.”

பல்லவி பொழிந்து முதற்சரணம் முகிழ்த்த வேளையில், ஐயகோ, கரையின் நட்டநடுவே, பதினெட்டு அக்குரோணியில் பாதி வழிதவறி வந்தாற்போல், தாடி தரித்த தளபதிகளும் துள்ளுநடைக் காலாட்களுமாக ஓர் ஆட்டுப்படை அணிவகுத்து நின்றது. கிருஷ்ணப்பா ஆரன் என்னும் வெண்சங்கை ஊதினார்.

“ரங்கையா, ஆட்ட ஓட்டு நைனா! டைம் ஆவுது!”

“ஆரன் அடிச்சா ஆடு இன்னா ஓடவா போவுது?” என்றார் ஆடுகளுக்கு நடுவே நின்ற ரங்கையா. “அதுங்களுக்கு எந்த பேக்டரி?”

தேர் நின்றது, பாட்டு நிற்கவில்லை. முதற்சரணம் ஆடுகளுக்கே அர்ப்பணமாயிற்று. இடையிசையும் இறுதியை நெருங்க, ஓராண்டும் இரண்டு மாதமும் காத்த நான்கு வரிகள் ஒரு கிடாவின் காதில் வீணாகப்போவதை எண்ணித் தரணி இருக்கைக் கம்பியை நெரித்தாள். இன்னும் நான்கு நொடி. மூன்று. இரண்டு.

அப்போது பாட்டு அறுந்தது. வானத்து அசரீரியோ என நாற்பது பேரும் நடுங்க, ஒலிபெருக்கி நான்கிலும் தரணியின் தாய் பொன்னியம்மாள் முழங்கினாள்:

“ஏ தரணி! டிபன் டப்பாவ மேடைமேலயே உட்டுட்டுப் போய்க்கினு கீறியே, மத்தியானம் இன்னாத்த துன்னுவ?”

“எம்மா, அப்பறம் பேசறேன், வையிம்மா!”

“இன்னாத்துக்கு வைக்கணும்? பஸ்ஸுல யார்னா கேக்கறாங்களா?”

“கேக்கறோம் பெரிம்மா!” என்று பேருந்தே ஒருவாய்ப்பட ஆர்த்தது.

தாய் தளராது, டப்பாவில் இருந்த கத்திரிக்காய்க் காரக்குழம்பின் பெருமையை விரித்துரைக்கும் பொழுதுக்குள் ஆட்டுப்படை கரையிறங்கியது, தேர் பாய்ந்தது, நிறுத்தத்துப் புங்கமரம் கண்ணில் பட்ட நேரத்தில் பொன்னியம்மாள் போனை வைத்தாள்.

“பாட்டு கட் ஆயிடுச்சி! இனி எங்க டர்ன்!” என்று ஷோபா தன் கைப்பேசியை வேலென உயர்த்தினாள்.

கிருஷ்ணப்பா கண்ணாடி வழியே இருதிறத்தாரையும் நோக்கி, சிபிக்கும் மனுநீதிக்கும் மூத்தவர்போல் தீர்ப்புரைத்தார்: “அம்மா போன் வந்தா கட் ஆனதா கணக்கே இல்ல. ஏம்மா, உங்கம்மா உனக்குப் பண்ண மாட்டாங்களா?”

ஷோபாவின் வேல் தாழ்ந்தது. பண்ணுவார்கள்; ஒன்பது மணிக்குத்தான்.

விட்ட நொடியிலிருந்தே வயலின்கள் மீண்டு எழுந்தன. ஏரிநீர் சிலிர்க்க, புங்கமலர் உதிர, பின்னிருக்கைத் தெலுங்கரும் தம்மையறியாது தாளமிட, ஓராண்டும் இரண்டு மாதமும் ஊமையாயிருந்த உள்ளமெல்லாம் ஒரு பெண்குரலாகி விண்ணேற, கதவு திறந்த அக்கணத்திலேயே, மயிரிழை பிசகாது, இரண்டாம் சரணம் முழங்கிற்று. படியில் செருப்பொலி கேட்டது. தரணி கூந்தல் திருத்தி, வெட்கமும் வீரமும் விரவிய விழிகளை மெல்ல மெல்ல உயர்த்தினாள்.

திலீப்புக்கு அந்த வாரம் செகண்ட் ஷிப்ட்.