புதன்கிழமைப் பேய்

"பேய் வந்துச்சா?"

"வந்துச்சு."

"நீ என்ன பண்ணினே?"

"உக்காந்திருந்தேன்."

பேராசிரியர் பேனாவை மேஜைமேல் விட்டெறிந்தார். கலைத் தத்துவத்தில் ஊரே மெச்சும் மனிதர். கட்டிய மனைவியிடம் ஒரு வாக்கியம் பெயரவில்லை. பொய்யென்று தெரிந்தும் ஜனங்கள் ஏன் பேய்ப் படத்துக்குப் போய் ஆசை ஆசையாய்ப் பயப்படுகிறார்கள்? இதுதான் அடுத்த மாதம் அவர் ஆற்றவேண்டிய பேருரை. எடுபட்டால் துறைத்தலைவர் நாற்காலி அவருக்கு. சொதப்பினால் கல்லூரியில் பக்கத்து அறைக்காரருக்கு. புதன்தோறும் மதியக் காட்சிக்குத் தவறாமல் போகும் ஜீவன் வீட்டிலேயே இருக்க, ஆதாரத்துக்கு எங்கே அலைவது?

"பயத்துக்குள்ள ஒரு இன்பம் இருக்குல்ல, அதைச் சொல்லேன்."

"அடுப்புல பால் இருக்குங்க" என்று எழுந்து போய்விட்டாள்.

"ஏய்! என் கண்ணாடி எங்க?"

"உங்க நெத்தியில."

"ஏய்! அந்தத் தடிப் புத்தகம்?"

"அதுமேலதான் உக்காந்திருக்கீங்க."

வாய் மழுப்பும், நாடி மழுப்பாது. அடுத்த புதனன்று நாடித்துடிப்பு காட்டும் கடிகாரத்தை அவள் கையில் கட்டி அனுப்பினார். திரும்பி வந்ததும் வாங்கிப் பார்த்தால், விளக்கணைந்த நேரத்திலிருந்து துடிப்பு இறங்கிக்கொண்டே போய், பேய் குதறும் உச்சக்காட்சியில் கிணற்றுத் தண்ணீராய் அசையாமல் கிடந்தது!

எழுதியதையெல்லாம் கிழித்துப்போட்டுப் புதிதாய்த் தொடங்கினார்: 'அச்சத்தின் உச்சியில் ஆன்மா அமைதி கொள்கிறது.'

பக்கத்து அறைக்காரர் கேட்டுவிட்டு, "பேய் அடிச்சா அமைதியா? உங்க வீட்டம்மா உசுரோடதானே இருக்காங்க?" என்றார்.

ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. மறு புதன் தாமே சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பினார்.

"நீங்க எதுக்குங்க?" அவள் முகம் வெளுத்தது. "பேய்னாலே உங்களுக்கு ஆகாதே!"

"ஆராய்ச்சிக்கு ஆகும். நட."

அரங்கில் பாதிக் கண்ணை மூடிக்கொண்டே, "இப்பப் பயமா? இன்பமா? ரெண்டுமா?" என்று அவள் காதைக் குடைந்தார். முன் வரிசைக்காரர் திரும்பினார். "சார், கொஞ்சம் பொறுங்க. பேய் என்ன சொல்லுதுன்னே கேக்கலை."

அவள் கையில் கட்டிவிட்டிருந்த கடிகாரத்தைப் பார்த்தார். துடிப்பு குதிரையாய்ப் பாய்ந்தது. போன வாரத்து அமைதித் தத்துவம் மண்ணைக் கவ்வியதே என்று ஒரு கணம் நொந்தவர், மறுகணம் மலர்ந்தார்.

"பார்த்தியா! நான் பக்கத்துல இருந்தா உன் ரசனை எங்கயோ போகுது!"

"முகம் கழுவிட்டு வரேன்" என்று எழுந்து போனவள், வெகு நேரமாகியும் வரவில்லை.

வெளியே வந்து நடைவழியில் நின்று கத்தினார்: "ஏய்! எங்க போய்த் தொலைஞ்சே?"

டார்ச் விளக்கோடு இடம் காட்டும் நரைத்த மனிதர் ஓடிவந்தார். "மெதுவா சார். நீங்கதான் வீட்டுக்காரரா? அடுத்த வாரம் வராதீங்க சார், புண்ணியமாப் போகும். அம்மா பாவம், இங்க வந்துதான் தூங்குறாங்க."

"தூங்குறாளா? படம்?"

"ஒண்ணுகூடப் பார்த்ததில்லை. முடிஞ்சதும் நான்தான் எழுப்பிவிடுவேன். பேய்ப் படத்துக்குத்தான் நீங்க கூட வரமாட்டீங்களாம்."

"இந்தக் கூச்சல்ல எப்படிய்யா தூக்கம் வரும்?"

"நானும் கேட்டேன் சார். 'இங்க எவ்வளவு கத்தினாலும், யாரும் என்னைக் கூப்பிடலையே'ன்னாங்க."