சுத்தியல் சாரின் வாக்குமூலம்

நாற்காலி பறிபோய்விட்டது. இரண்டு வருஷமாக டீ நேரத்தில் ஜன்னலோர நாற்காலியைப் பதிவறை குமாஸ்தாவுக்கென்று காலியாக விட்டிருந்தார்கள். இன்று அதில் டைப்பிஸ்ட் அம்மாவின் கைப்பை உட்கார்ந்திருந்தது.

"என்னம்மா, என் இடம்?"

"அதான் நீங்க நிரபராதின்னு ஆயிடுச்சே சார்," என்றாள் அவள், துக்கம் விசாரிக்கிற குரலில். "உங்களைப் போய் என்னென்னவோ நினைச்சிட்டோம்."

விஷயம் இதுதான். அலுவலக வாசலில் ஒரு கைரேகை மிஷின் இருந்தது. காலையும் மாலையும் அதில் கட்டைவிரலை வைக்க வேண்டும். குமாஸ்தாவின் விரலை மட்டும் அது ஏற்காது. மற்றவர்கள் வீடு போய்ச் சேர்ந்த பிறகும் மனுஷர் விரலைத் துடைத்துத் துடைத்து அழுத்திக்கொண்டு நிற்பார். ஒரு நாள் காலையில் வந்து பார்த்தால் மிஷின் சுத்தியல் அடியில் சுக்குநூறு. போலீஸ் ரேகை எடுத்தது. எடுத்த இடமெல்லாம் குமாஸ்தாவின் கட்டைவிரல். மிஷினுக்கு மூன்று வருஷமாகப் பிடிபடாத விரல் போலீஸுக்கு மூன்றே நிமிஷத்தில் பிடிபட்டது.

வழக்கு நடந்த காலம் அவருக்குப் பொற்காலம். உடைந்த மிஷின் சாட்சிப்பொருளாகக் கோர்ட்டில் கிடந்ததால் புதுசு வாங்க வழியில்லை. எல்லோரும் பழையபடி நோட்டில் கையெழுத்துப் போட்டுவிட்டு நிம்மதியாக இருந்தார்கள். 'சுத்தியல் சார்' என்று பட்டப்பெயர் வேறு. இருபது வருஷ சர்வீஸில் அவருக்குப் பட்டப்பெயர் வைக்கும் அளவுக்குக்கூட யாரும் அவரைக் கவனித்ததில்லை. அவர் உடைக்கவில்லை என்பது ஒன்றுதான் குறை.

நீதிபதி அதையும் கண்டுபிடித்துவிட்டார். "கட்டைவிரல் வைக்கிற மிஷினில் கட்டைவிரல் ரேகை இல்லாமல் வேறென்ன இருக்கும்?" என்று கேட்டு விடுதலை செய்துவிட்டார்.

நாற்காலி பறிபோன அன்று மாலை வீட்டுக்கு வந்திருந்த வக்கீல் மச்சானைக் குமாஸ்தா மடக்கினார்.

"என்மேல மறுபடி கேஸ் போடுவாங்களா?"

"முடியவே முடியாது அத்தான். அப்பீலும் போறதில்லைன்னு அரசாங்கம் முடிவு பண்ணிடுச்சு. ஒரே குத்தத்துக்கு ஒரு ஆளை ரெண்டு தடவை கூண்டுல ஏத்தக்கூடாது. அரசியல் சட்டமே கொடுக்கிற பாதுகாப்பு."

"நான்தான் செஞ்சேன்னு நானே சொன்னாக்கூட?"

"மைக் வெச்சுச் சொல்லுங்க."

"எதுக்குங்க வம்பு?" என்றாள் மனைவி. "கேஸ் ஒழிஞ்சுதுன்னு பேசாம இருங்க."

அவர் இருந்தால்தானே. மறுநாள் டீ வந்ததும் தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"நான்தான் உடைச்சேன்."

கைப்பை இறங்கியது. நாற்காலி வந்தது. ஆளாளுக்குக் கையைப் பிடித்துக் குலுக்கினார்கள்.

"எத்தனை அடி சார்?"

"மூணு."

மதியச் சாப்பாட்டுக்குள் மூன்று ஏழாகிவிட்டது. ஏழாவது அடியை அவர் அபிநயத்தோடு விளக்கிக்கொண்டிருந்தபோது பெரிய அதிகாரி கூப்பிட்டு அனுப்பினார்.

"அரசாங்கச் சொத்தை உடைச்சதா ஆபீஸ் பூராவும் சொல்லிட்டிருக்கீங்களாம்?"

"ஒரே குத்தத்துக்கு ரெண்டு தடவை கூடாது சார். அரசியல் சட்டம்..."

"அது கோர்ட்டுக்கு. இது ஆபீஸ் விசாரணை. நான் என்ன உங்களை ஜெயிலுக்கா அனுப்பறேன்? வீட்டுக்குத்தானே அனுப்பறேன்."

குமாஸ்தா கணக்குப் போட்டுப் பார்த்தார். பென்ஷனுக்கு இன்னும் ஆறு வருஷம் இருந்தது.

"சும்மா ஒரு பெருமைக்குச் சொன்னேன் சார். நான் ஒரு ஆணியைக்கூட ஒழுங்கா அடிச்சதில்லை."

"அப்படின்னா 'நான் உடைக்கலை'ன்னு எழுதிக் கொடுங்க. அதைப் போலீஸுக்கு அனுப்பி, உடைச்ச ஆளைத் தேடச் சொல்றேன். உடைஞ்ச மூடிக்கு உள்பக்கம் ஒரு ரேகை இருக்காம். அது உங்களோடது இல்லை. நீங்க சிக்கினதுல அதை யாரும் கண்டுக்கலை. காலையில கடிதம் என் மேஜைக்கு வரணும்."

உடைத்தேன் என்று எழுதினால் வேலை போகும். உடைக்கவில்லை என்று எழுதினால் நாற்காலி போகும். வீடு போய்ச் சேர்வதற்குள் அவர் முடிவு செய்துவிட்டார். நாற்காலி போகட்டும். வேலையை விட்டுவிட்டு வீர வசனம் பேசி என்ன பிரயோஜனம்?

கூடத்தில் காகிதமும் பேனாவுமாக உட்கார்ந்து, நடந்ததையெல்லாம் மனைவியிடமும் மச்சானிடமும் சொன்னார். நாள் முழுக்கப் பொய் அளந்த பிறகு உண்மை பேசுவதே ஒரு சுகமாக இருந்தது.

"நல்ல முடிவு அத்தான்," என்றான் மச்சான். "உடைச்சவன் மாட்டட்டும். உங்களுக்கு என்ன வந்தது?"

"'அந்த மிஷினை நான் உடைக்கவில்லை'," என்று வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே எழுதினார் குமாஸ்தா. "'உண்மைக் குற்றவாளியைக் கண்டுபிடிக்கும்படி...'"

மனைவி பேனாவைப் பிடித்துக்கொண்டாள்.

"வேண்டாங்க. நீங்கதான் உடைச்சீங்கன்னே எழுதிடுங்க."

"உனக்கென்ன பைத்தியமா? வேலை போயிடும்."

"அன்னிக்குச் சாயங்காலம் உங்களுக்காக உங்க ஆபீஸ் கேட்டுல ஒரு மணி நேரம் காத்துக்கிடந்தேன். நீங்க விரலைத் துடைச்சுத் துடைச்சு அழுத்திட்டே இருந்தீங்க. எனக்குப் பத்திக்கிட்டு வந்துது. ராத்திரி நீங்க தூங்கினதும் சுத்தியலோட திரும்பிப் போனேன்," என்றாள் அவள், தம்பியின் முகத்தைப் பார்க்காமலே. "உங்களைத்தானே மறுபடி கூண்டுல ஏத்த முடியாது? என்னை இன்னும் ஒரு தடவைகூட ஏத்தலையே."