மஞ்சள் குங்குமம் வைத்த அப்பீல்

வீட்டில் முதலில் காலேஜ் போனவனுக்கு ஒரு கஷ்டம் உண்டு. 'எனக்குத் தெரியாது' என்று அவன் சொல்லவே முடியாது. நான் படித்தது விலங்கியல். ஆனால் எந்தக் காகிதம் வந்தாலும் என் கைக்குத்தான் வரும். (நானும் தெரிந்த மாதிரியே தலையாட்டுவேன். அங்கேதான் வினை.)

சாலை பஜாரில் அப்பாவுக்குச் சின்ன மிக்ஸி, கிரைண்டர் கடை. அங்கே வாங்கிய கிரைண்டர் மூன்று முறை மக்கர் பண்ணியதும் ஒரு டீச்சர் நுகர்வோர் ஆணையத்துக்குப் போய்விட்டார். புது கிரைண்டரும் நஷ்டஈடும் கொடுக்கச் சொல்லி மாவட்ட ஆணையம் தீர்ப்புச் சொன்னது.

"வக்கீல்லாம் எதுக்குப்பா? நானே அப்பீல் எழுதுதேன்" என்றேன்.

எழுதினேன், இருபத்திரண்டு பக்கம். மாநில ஆணையத்தில் கட்ட வேண்டியதைக் கட்டி, சீல் குத்திய நகலோடு வந்தேன். அப்பா அதற்குக் கண்ணாடி போட்டு, கடையில் சாமி படங்களுக்குப் பக்கத்தில் மாட்டினார். வெள்ளிக்கிழமைதோறும் அதற்கும் மஞ்சள், குங்குமம், சாம்பிராணி.

அடுத்த மாதம், தீர்ப்பை ஏன் நிறைவேற்றவில்லை, நேரில் வா என்று மாவட்ட ஆணையத்திலிருந்து நோட்டீஸ் வந்தது. "அதான் அப்பீல் போட்டாச்சுல்லா, போவாண்டாம்" என்றேன். அப்பா போகவில்லை.

வாரண்டோடு போலீஸ்காரர் வந்தார்.

அப்பா அசரவே இல்லை. "அப்பீல் உண்டு சாரே! என் மோன் எழுதினதாக்கும்" என்று சுவரைக் காட்டினார். போலீஸ்காரர் சாமி படங்களைப் பார்த்ததும் தொப்பியைக் கழற்றிவிட்டு, எட்டிப் படித்தார்.

"கொள்ளாம்" என்று மெச்சிவிட்டு, "ஸ்டே எவிடே?" என்று மலையாளத்தில் கேட்டார். தடை உத்தரவு எங்கே என்று அர்த்தம்.

"அதுக்குள்ளயே இருக்கும் சார்" என்றேன்.

"இல்ல மோனே. உத்தரவ நிறுத்தணும்னு தனியா ஒரு மனு, அபேட்ச கொடுக்கணும். அப்பீல் மட்டும் போட்டா ஒண்ணும் நிக்காது."

அப்பா என்னைத் திரும்பிப் பார்த்தார். "ஏலே, அப்ப நான் உள்ள போணுமா?" பிறகு போலீஸ்காரரிடம் மெதுவாக, "சாப்பிட்டுட்டுப் போலாமா சாரே?"

படிக்காத மனிதர், படித்த மகனை நம்பி சோறு தின்றுவிட்டு ஜெயிலுக்குக் கிளம்பத் தயாராக இருந்தார்.

நல்லவேளை, ஜாமீனில் விடக்கூடிய வாரண்ட். பக்கத்துப் பாத்திரக்கடை அண்ணாச்சி கையெழுத்துப் போட்டார். வெள்ளிக்கிழமை ஆஜராக வேண்டும். வாரண்ட் வந்த அன்றே ஒரு வக்கீலிடம் ஓடினேன். அவர் எழுதிய தடை மனு ஒன்றரைப் பக்கம்தான். அப்பீல் முடியும்வரை தீர்ப்பை நிறுத்தி வைக்கிறோம் என்று வியாழக்கிழமை மத்தியானம் மாநில ஆணையத்தில் உத்தரவு கிடைத்தது. மறுநாள் மாவட்ட ஆணையத்தில் அதைக் காட்டியதும் வாரண்டைத் திரும்பப் பெற்றார்கள். வெளியே வந்து அப்பா நின்ற இடத்திலேயே இரண்டு டீ குடித்தார். "உசிரு வந்துட்டுடே" என்றவர், என்னைத் திட்டவே இல்லை. மூன்றாவது டீயை எனக்குச் சொன்னார்.

அப்பா திட்டாததற்கும் சேர்த்துத்தான் அம்மா இப்போது வசூலிக்கிறாள். போன வாரம், "எனக்கு ரெண்டு வருஷத்துக்குக் கல்யாணம் வேண்டாம்" என்று கறாராகச் சொன்னேன்.

அம்மா வெங்காயம் அரிவதை நிறுத்தவில்லை. "வாயால சொன்னா நிக்காதுலே. ஸ்டே எவிடே?"

ஞாயிற்றுக்கிழமை பெண் பார்க்கப் போகிறோம்.