வேறு மார்க்கம் ஏதுமில்லை

மீன்காரர் ஷட்டரில் காதை வைத்துக் கேட்டார். உள்ளே காற்றுக்குழாய் குமிழ் விடும் சத்தம் வந்துகொண்டிருந்தது. பன்னிரண்டு தொட்டி வண்ணமீன்கள் உள்ளே, அவர் வெளியே. நடுவில் நகராட்சியின் பூட்டு.

உரிமத்தைப் புதுப்பிக்க மறந்துவிட்டார். அவர் மீன்தீனி வாங்கப் போயிருந்த நேரம் பார்த்து அதிகாரி வந்து பூட்டி, நோட்டீஸ் ஒட்டிவிட்டுப் போய்விட்டார்.

"அண்ணே..." என்று பக்கத்துக் கடை இஸ்திரிக்காரர் இழுத்தார்.

மீன்காரர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். தொட்டித் தண்ணீர் சுவரில் கசிந்து இஸ்திரிக்காரர் மடித்து வைத்த சட்டைகளை நனைத்ததிலிருந்து, ஏழு மாதமாக இருவருக்கும் பேச்சுவார்த்தை இல்லை. புகார் கொடுத்ததே இந்த ஆள்தான் என்பதில் அவருக்குத் துளியும் சந்தேகமில்லை.

நேரே மைத்துனனிடம் போனார். அவன் வக்கீலாகி இரண்டு வருஷம் ஆகிறது. உயர் நீதிமன்றத்துக்குக் கீழே உள்ள எதையும் அவன் ஏறெடுத்துப் பார்ப்பதில்லை.

"ஹைகோர்ட்லயே ரிட் மனு போட்டுடலாம் மாமா," என்றவன், 'மனுதாரருக்கு வேறு மார்க்கம் ஏதுமில்லை' என்று கடைசிப் பத்தியைத் தட்டி முடித்தான்.

"இது எதுக்கு மாப்பிள்ளை?"

"எல்லா மனுவிலயும் இருக்கறதுதான். கையெழுத்துப் போடுங்க."

மதிய நேரத்து நீதிமன்றம். உயரத்துக் கண்ணாடி வழியே பச்சை வெளிச்சம் இறங்கியது. கறுப்பு அங்கிகள் சத்தமில்லாமல் அங்குமிங்கும் மிதந்தன. மீன்காரருக்குக் கண் சொக்கியது. தானே ஒரு தொட்டிக்குள் இருப்பதாகவும், மேலிருந்து யாரோ தீனி தூவப் போவதாகவும் ஒரு மயக்கம்.

"மேல்முறையீட்டு அதிகாரியைப் பார்த்தீங்களா?" நீதிபதியின் குரல் தண்ணீருக்குள்ளிருந்து கேட்டது.

"இல்லைங்க," என்றான் மைத்துனன்.

"சட்டமே ஒரு வழி வச்சிருக்கு. அதை விட்டுட்டு நேரா இங்க வந்தா எப்படி? முதல்ல அங்க போங்க."

போனார்கள். மேல்முறையீட்டு அதிகாரியின் நாற்காலி காலி. அந்தப் பொறுப்பையும் சேர்த்துப் பார்ப்பவர், பூட்டுப் போட்ட அதே அதிகாரி.

"நான் போட்ட பூட்டு சரியான்னு நானே எப்படிங்க விசாரிக்கறது? அதுவும் கோர்ட்டுக்குப் போன விஷயம்," என்று தலையைச் சொறிந்தார் அவர். "சாவிதான் வேணும்னா, அன்னைக்கே நான்..."

"எதுவா இருந்தாலும் கோர்ட்ல சொல்லுங்க," என்று மைத்துனன் மடக்கினான். மாமாவைக் கையோடு இழுத்துக்கொண்டு வெளியே வந்துவிட்டான்.

அடுத்த விசாரணை, பூட்டு விழுந்த ஆறாம் நாள். முறை வரும்வரை வராந்தா பெஞ்சில் சாய்ந்திருந்த மீன்காரர் கண்ணயர்ந்தார். ஜமீன்தார் வந்தது. அவர் கடையிலேயே வயதான தங்கமீன் அது, ஒற்றைக் கண். கறுப்பு அங்கி போட்டுக்கொண்டு, வாயைத் திறந்து திறந்து மூடி, "நிஜமாவே வேற வழியே இல்லையா?" என்று கேட்டது. விழித்தபோது அவர் கன்னம் நனைந்திருந்தது. ஆறு நாள் பட்டினியில் அது போய்ச் சேர்ந்திருக்கும் என்று அவருக்கு நிச்சயமாகத் தோன்றியது.

உள்ளே நீதிபதி மனுவைப் புரட்டினார்.

"வேற வழி இருந்தா தலையிடறதில்லைங்கறது நாங்களே எங்களுக்குப் போட்டுக்கிட்ட கட்டுப்பாடு. தலையிடவே கூடாதுன்னு எங்கயும் இல்ல. பூட்டினவரே விசாரிக்கணும்னா, அதை ஒரு வழின்னே சொல்ல முடியாது." கண்ணாடியைக் கழற்றிவிட்டு மீன்காரரைப் பார்த்தார். "இருக்கற வழியெல்லாம் பார்த்துட்டீங்களா?"

"ஒண்ணு விடாமப் பார்த்துட்டேங்க," என்றார் மீன்காரர்.

கடையை உடனே திறக்கவும், உரிமத்தைப் புதுப்பிக்க ஒரு மாதம் அவகாசம் தரவும் உத்தரவாயிற்று.

உத்தரவைக் கையில் பிடித்துக்கொண்டு இருவரும் கடைக்கு ஓடினார்கள். ஷட்டர் பாதி தூக்கியிருந்தது.

மீன்காரர் குனிந்து நுழைந்தார். தொட்டிகள் துடைத்துப் பளிச்சென்று இருந்தன. நீல வெளிச்சத்தில் மீன்கள் சாவகாசமாகத் திரிந்தன. ஜமீன்தார் முன்பைவிட ஒரு சுற்றுப் பெருத்து, கண்ணாடியோரம் வந்து அவரை ஒற்றைக் கண்ணால் பார்த்தது. ஸ்டூல் மேல் நின்று தீனி தூவிக்கொண்டிருந்த இஸ்திரிக்காரர் மெல்ல இறங்கி, இடுப்பிலிருந்து சாவியையும் சட்டைப்பையிலிருந்து ஒரு காகிதத்தையும் எடுத்து நீட்டினார்.

"லைசென்ஸைப் புதுப்பிச்சுடறேன்னு இதுல ஒரு கையெழுத்து வாங்கிக்கிட்டு, நீங்க கேட்ட உடனே சாவியைக் குடுத்துடச் சொல்லி அன்னைக்கே ஆபீசர் என்கிட்ட குடுத்துட்டுப் போனாருண்ணே, நீங்கதான் கேட்கவே இல்ல."