சினிமாச்சேச்சியும் திறக்காத கதவும்

மட்டாஞ்சேரியில் சினிமாச்சேச்சியிடம் ஏமாறாத ஆள் ஒருவர் இருந்தால், அவர் இன்று காலைதான் ரயிலில் வந்து இறங்கியிருக்க வேண்டும். படத்தில் மீன்காரி வேஷம் கிடைத்தால், ஒரு வாரம் சுள்ளிக்கல் தெருவோரம் கூடையோடு உட்கார்ந்து பழகுவார். என் மனைவிக்கே அரைக்கிலோ மத்தி விற்றார். அவளுக்கு அடையாளம் தெரியவில்லை. மீன் நன்றாகத்தான் இருந்தது.

சினிமாவில் நர்ஸ், வக்கீல், பிச்சைக்காரி எல்லாம் ஆகியிருக்கிறார். எதிலும் இரண்டு காட்சிக்கு மேல் இல்லை. முப்பது வருஷம் கழித்து, ஒரு டைரக்டர் படம் முழுக்க வரும் அம்மா வேஷத்துக்கு அவரை நினைத்தார். "உங்க நாடகத்தைப் பார்த்துட்டுச் சொல்றேன்" என்று எங்கள் தமிழ்ச் சங்கத்து விழாவுக்கு வந்து முன்வரிசையில் உட்கார்ந்துவிட்டார்.

நாடகத்தில் சேச்சிக்கு மாமியார் வேஷம். மருமகளாக நடிக்க வேண்டிய பெண் திருப்பூணித்துறையிலிருந்து போன் செய்தாள்: காய்ச்சல், எழுந்திருக்கவே முடியவில்லை.

"நாடகத்தை நிறுத்திடலாம் சேச்சி" என்றேன். வசனம் எடுத்துக் கொடுக்கிறவன் நான்.

"நிறுத்தினா அந்த மனுஷன் எழுந்து போயிடுவாருடா. மருமகளும் நானே ஆயிக்கறேன்."

"கடைசி சீன்ல மருமக கதவத் தொறந்து வெளிய வரணுமே?"

"வர வேண்டாம். நீ உள்ள நின்னு வளையல ஆட்டு. இப்போ ஒரு சாயா கொண்டு வா."

நாடகம் முழுக்க, புடவை மேல் புடவையாகச் சுற்றிக்கொண்டு இரண்டு வேஷத்துக்கும் மாறி மாறி ஓடினார். ஒருமுறை மருமகளாகப் போனவர் மாமியார் கண்ணாடியைக் கழற்ற மறந்துவிட்டார். டைரக்டர் நிமிர்ந்து உட்கார்ந்தார். சேச்சி நிதானமாகக் கழற்றி, முந்தானையால் துடைத்து, "அத்தைக்குக் கண்ணாடி எங்க வச்சோம்னு நினைவே இருக்காது" என்றார். கைதட்டல்.

கடைசிக் காட்சி. மூடிய கதவுக்குப் பின்னால் நான், கை நிறையக் கண்ணாடி வளையல்.

"மோளே, சாப்பிட்டியா?" ஆட்டினேன்.

"எம்மேல கோவமா?" ஆட்டினேன்.

"என்னை மன்னிப்பியா?"

வேர்த்த கையை இறுக்கிவிட்டேன். சடக்! வளையல் நொறுங்கியது. முடிந்தது என்று கண்ணை மூடிக்கொண்டேன்.

சேச்சி மெல்லக் கதவோரம் உட்காரும் சத்தம் கேட்டது. "ஒடச்சிட்டியா? போகட்டும். கையில கீறிச்சா? அதைச் சொல்லு முதல்ல."

முன்வரிசையில் யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். திரை விழுந்தது.

டைரக்டர் நேராக உள்ளே வந்தார். "சேச்சி..." என்று ஆரம்பித்தார்.

"ஒரு நிமிஷம் சார்." சேச்சி என் கையைப் பிடித்து விரித்தார். ரத்தம். "அங்கயே கேட்டேனேடா, கீறிச்சான்னு!"

"நான் வசனம்னு நினைச்சேன் சேச்சி."

"நானும் அப்படித்தான் நினைச்சேன்" என்றார் டைரக்டர். "அந்த அம்மா வேஷம் உங்களுக்குத்தான்."

சேச்சி முந்தானையைக் கிழித்து என் கையைச் சுற்றி, முடிச்சுப் போட்டு முடித்த பிறகுதான் அவர் பக்கம் திரும்பினார்.