பலாமர வழக்குத் தள்ளுபடி

குண்டனி நாடு,
வெகுதானிய வருஷம், ஐப்பசி.

திருப்புலி நாட்டில் இருக்கும் என் மச்சான் அர்த்தனாரி அவர்களுக்கு, உங்கள் தங்கை கண்ணாயியின் வீட்டுக்காரன் ராசப்பன் கும்பிட்டு எழுதிக்கொள்வது. நாங்களும் மகள் பெருமாயியும் அறப்பளீசுவரர் புண்ணியத்தில் சுகம். அங்கே மிளகுக்கொடி முதல் எல்லோரும் சுகந்தானே?

நிற்க. வழக்கு முடிந்துவிட்டது. ஜெயமா தோல்வியா என்று கேட்காதீர்கள், எனக்கே தெரியவில்லை. வரப்புப் பலாமரத்தில் பக்கத்துக் காட்டுச் சின்னுசாமி கைவைக்கக் கூடாது என்று, ஊர்ப் பஞ்சாயத்தையும் மதிக்காமல் மலையிறங்கிப் போய் மனுப் போட்டேனே, நீங்கள் மூட்டிவிட்டுத்தானே மச்சான்? கரடிக்குப் பயந்து அந்தப் பாதையில் யாரும் தனியாக இறங்குவதில்லை. ஆகையால் ஒவ்வொரு வாய்தாவுக்கும் வாதியும் பிரதிவாதியும் ஒன்றாகத்தான் இறங்கினோம். பேச்சு வார்த்தை கிடையாது. முன்னால் நான் இருமுவேன், பின்னால் அவன் இருமுவான். அவன் இருமல் கேட்காவிட்டால் நின்று பார்ப்பேன். அவனைக் கரடி தின்றுவிட்டால் அப்புறம் யார்மேல் வழக்கு நடத்துவது?

இப்படி இருக்கையில் ஒரு வாய்தா முடிந்து ஊர் திரும்பினால், "அப்பா, காத்துல பலாமரம் சாஞ்சிருச்சுங்க" என்று பெருமாயி ஓடி வந்தாள். வழியெல்லாம் எங்களுக்கு இலைகூட அசையவில்லை. மலைக்காற்றே அப்படித்தான், ஓரிடத்தில் அடிக்கும், ஓரிடத்தில் அடிக்காது. அடுத்த வாய்தாவில் இதைச் சொன்னதும் ஜட்ஜு, மரமே இல்லை, மனுவுக்கு இனி வேலையில்லை என்று தள்ளிவிட்டார். "சாமி, மரந்தானுங்க விழுந்துச்சு, என் கோவம் நின்னுக்கிட்டுத்தானுங்களே இருக்குது?" என்றேன். சிரித்துவிட்டு அடுத்த கேஸைக் கூப்பிட்டார்.

மலையேறும்போது பின்னாலிருந்து இருமலுக்குப் பதில் பேச்சு வந்தது. "ஏப்பா ராசப்பா, மரமே போயிருச்சு. எம்பையன் மாதேஸ்வரனுக்கு உம்புள்ளையக் குடுத்தா என்னப்பா?" நான் இருமலை நிறுத்திவிட்டுத் திரும்பிப் பார்த்தேன். சந்தோஷந்தான் மச்சான், மறைப்பானேன். ஆனாலும் தாய்மாமன் வார்த்தை இல்லாமல் நான் எப்படித் தலையாட்டுவேன்? பழையதை மறந்து சம்மதம் எழுதுங்கள். பையன் நல்ல உழைப்பாளி. விழுந்த பலாவிலேயே மணைப்பலகை அறுத்துவிடலாம்.

பெரியவர்களுக்கு என் கும்பிடு, சின்னதுகளுக்கு என் ஆசி. உங்கள் காடும் கொட்டிலும் நிறையட்டும்.

இப்படிக்கு,
ராசப்பன்

பின்குறிப்பு: இதைப் படித்துக் காட்டினேன். பெருமாயி விழுந்து விழுந்து சிரிக்கிறாள். "ஏனுங்கப்பா, காத்தடிச்சா அடிமரத்துல கோடாலித் தழும்பு விழுமுங்களா?" என்கிறாள். அப்பன்மார் இருவரும் மலையிறங்கிய நேரம் பார்த்து அவளும் மாதேஸ்வரனும் சேர்ந்து வெட்டிச் சாய்த்தார்களாம்! புது மனுப் போடலாம் என்றால் பிரதிவாதிகள் என் மகளும் மருமகனும். ஆகையால், சம்மதம் கேட்டு மேலே எழுதியதையெல்லாம் தள்ளுபடி செய்துவிட்டு நேரே கல்யாணத்துக்குப் புறப்பட்டு வாருங்கள். மறுத்து எழுத வேண்டாம் மச்சான், கோடாலி இன்னும் அவளிடம்தான் இருக்கிறது.