சீரம் மறந்த செல்கள்

அன்பும் மரியாதையும் நிறைந்த அண்ணனுக்கு,

தங்கை எழுதிக்கொண்டது. இங்கே நான் நலம், என் செல்கள் என்னைவிட நலம். அண்ணியின் முழங்கால் வலி குறைந்ததா? இந்த மாதத்துக்குள் வேலை நிரந்தரமாகாவிட்டால் மூட்டையைக் கட்டிக்கொண்டு வந்து உங்கள் இரும்புக் கடையில் ஆணி நிறுக்க வேண்டும் என்று எழுதியிருந்தீர்கள். அந்த இடத்துக்கு வேறு ஆள் பாருங்கள், அண்ணா.

நடந்ததைக் கேளுங்கள். ஆய்வகத்தில் குடுவைக்குள் வளர்க்கும் செல்களுக்கு வெறும் சத்துநீர் போதாது, நூற்றுக்குப் பத்து பங்கு சீரம் கலக்க வேண்டும். கன்றின் இரத்தத்திலிருந்து பிரித்தெடுக்கும் தேன் நிறத் திரவம் அது. அது இருந்தால்தான் இந்த மகாராணிகள் குடுவையின் அடியில் ஒட்டிக்கொண்டு பெருகுவார்கள், இல்லாவிட்டால் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டு மிதப்பார்கள். ஆனால் அதில் என்னென்ன இருக்கிறது என்று யாருக்கும் முழுசாகத் தெரியாது, ஒரு புட்டி போல் அடுத்த புட்டி இருக்காது, அதனால் எங்கள் இயக்குநர், சிரித்தால் பல் தேய்ந்துவிடும் என்று நினைப்பவர், என்னைக் கூப்பிட்டு, "குழந்தைக்குப் பால் மறக்கடிக்கிற மாதிரி இதுங்களுக்குச் சீரத்தை மறக்கடிச்சிடுங்கம்மா. வர்ற மாசம் முதல் வெள்ளிக்கிழமை வரைக்கும் உயிரோட இருந்தா உங்க வேலை நிரந்தரம்" என்றார். நானும் பத்தை ஐந்தாக்கி, ஐந்தை இரண்டாக்கினேன், இரண்டுக்கு வந்ததும் செல்களில் பாதி செத்து மிதந்தன, நுண்ணோக்கியில் கண்ணை வைத்தபடியே அழுது கண்ணாடியெல்லாம் ஈரம், "அதுங்களுக்கு முன்னாடி நீங்க போய்ச் சேர்ந்துடாதீங்க, வேலை நிறைய கிடக்கு" என்று அவர் ஆறுதல் வேறு சொன்னார், கடைசியில் மனசைக் கல்லாக்கிக்கொண்டு பூஜ்யத்துக்கு வந்தால், அண்ணா, எல்லாம் ஒட்டிக்கிட்டு, கைகாலை நீட்டிக்கிட்டு, இடம் போதாம நெருக்கியடிச்சிக்கிட்டு நிக்குதுங்க. பத்து நாளாக அப்படியே. இன்று அவர் சொன்ன வெள்ளிக்கிழமை. இயக்குநர் சிரித்தார், எனக்குப் பயமாகிவிட்டது. சந்தோஷத்தில் பாத்திரம் கழுவும் அக்காவைத் தூக்கிச் சுற்றினேன், அவர் இடுப்பைப் பிடித்துக்கொண்டு வீட்டுக்குப் போய்விட்டார்.

அண்ணிக்கு என் வணக்கம். கடை நன்றாக நடக்கட்டும்.

இப்படிக்கு,
நிரந்தர ஊழியராகிவிட்ட உங்கள் தங்கை

பின்குறிப்பு: உறையை ஒட்டப்போகும்போது இயக்குநர் வந்து கதவைச் சாத்தினார். "ஒரு தப்பு பண்ணிட்டேம்மா. அதுங்க வாடுறதைப் பார்க்கப் பொறுக்கல. தினமும் காலைல நீங்க வர்றதுக்கு முன்னாடி ரெண்டு சொட்டு சீரம் விட்டுட்டேன்" என்று கண் கலங்கினார். திங்கட்கிழமை மறுபடியும் பத்திலிருந்து தொடங்குகிறோம். வேலை உத்தரவு அதற்குப் பிறகுதான். ஆகவே கடைக்கு உடனே ஆள் வைத்துவிட வேண்டாம். அவ்வளவு பெரிய மனுஷர் மன்னிப்புக் கேட்டால் என்ன செய்வது, பெருந்தன்மையாக மன்னித்துவிட்டேன். சாயங்காலம் அவர் கிளம்பியபின் தினமும் நான் விட்ட மூன்று சொட்டைப் பற்றி மட்டும் வாய் திறக்கவில்லை.